இரண்டு கிண்ணமும் பத்து ஆட்டக்காரரும்

லண்டன் விமான நிலையத்தில் குடிவரவு அதிகாரி என் அழைப்புக் கடிதத்தைப் படித்துவிட்டு, "உதைபந்தாட்ட அணியின் ஒன்றுகூடலா?" என்று கேட்டார். தலையாட்டினேன்.

"எந்த இடத்தில் ஆடினீர்கள்?"

"மாற்றுக் கோல்காப்பாளர்."

அவர் என் வயிற்றைப் பார்த்தார். "எத்தனை ஆட்டம்?"

"ஒன்றும் இல்லை. மைதான ஓரத்து வாங்கில் உட்கார்ந்திருந்தேன்."

"அப்படியென்றால் எல்லா ஆட்டத்தையும் முழுதாகப் பார்த்தவர் நீங்கள் ஒருவர்தான்" என்று சொல்லி முத்திரை குத்தினார். ரமணன் என்னை அழைத்ததற்குக் காரணமும் அதுவேதான் என்று அந்த நேரம் எனக்குத் தெரியாது.

நான் வவுனியாவில் ஒரு பாடசாலையில் கணிதம் படிப்பிக்கிறவன். வடக்கில் பல்கலைக்கழகம் படித்தேன். போர் முடிந்து, முகாம்களிலிருந்து பெடியள் ஒவ்வொருவராக வகுப்புக்குத் திரும்பிக்கொண்டிருந்த காலம் அது. எங்கள் மைதானத்தில் புல்லை விடப் பள்ளம் அதிகம். அணியில் பாதிப் பேருக்குச் சப்பாத்து இல்லை, மீதிப் பேருக்கு அளவில்லை. அப்படியிருந்தும் அந்த ஒரு பருவத்தில் நாங்கள் தோற்கவேயில்லை. முதல் ஆட்டத்தில் எதிரணி எங்களைப் பாவம் பார்த்து மெல்ல விளையாடியது. அடுத்த ஆட்டங்களில் அந்தப் பிழையை ஒருவரும் செய்யவில்லை, இருந்தும் வென்றோம். சோதனைச் சாவடிகளில் பஸ்ஸை மறித்துப் பைகளைக் கொட்டிப் பார்த்த சிப்பாய்கள், திரும்பி வரும்போது "எத்தனைக்கு எத்தனை?" என்று கேட்டார்கள். தெற்கில் நடந்த இறுதியாட்டத்தில் மழைக்குள் இரண்டுக்கு ஒன்று என்று வென்று, பல்கலைக்கழகங்களுக்கு இடையிலான கிண்ணத்தை வடக்குக்குக் கொண்டுவந்தோம்.

அரையிறுதியில் எங்கள் கோல்காப்பாளன் சிவாவுக்கு முழங்காலில் அடிபட்டது. நான் எழும்பி, கையுறையை மாட்டி, இரண்டு தரம் துள்ளினேன். சிவா எழும்பிவிட்டான். என் விளையாட்டு வாழ்க்கை ஒரு நிமிடம்கூட நீடிக்கவில்லை.

அந்த அணியில் ஆறேழு பேர் இன்று லண்டனில். படிக்கவென்று வந்து, படிப்பை மறந்து, தங்கிவிட்டவர்கள். அவர்களில் வாழ்ந்து காட்டியவன் எங்கள் தலைவன் ரமணன். உறைந்த மீன் இறக்குமதி செய்கிறான். கிங்ஸ்பரியில் வீடு. வீட்டு வாசலில் இரண்டு சிங்கம். கொடியில் சிங்கத்தைக் கண்டு வளவு மாறி ஓடிய பரம்பரை நாங்கள் என்பதை அவன் மறந்திருக்கலாம், அல்லது கடையில் வேறு மிருகம் இல்லாமலிருந்திருக்கலாம்.

முதல் நாள் அவன் மனைவி சுகந்தி இடியப்பமும் சொதியும் விளைமீன் குழம்பும் வைத்தாள். ஐயாயிரம் மைல் பறந்து வந்து, எங்கள் கடலில் பிடித்த மீனை எங்கள் ஊரை விட மலிவாகச் சாப்பிட்டேன். வவுனியாவில் அந்த மீன் கண்ணிலும் படுவதில்லை. அது லண்டனில் இருக்கிறது.

நடைபாதையில் அட்டைப் பெட்டிகள் அடுக்கியிருந்தன. ரமணன் ஒன்றை உடைத்து, மினுங்கும் தாளில் அச்சடித்த விழா மலரை என் கையில் வைத்தான். ஞாயிற்றுக்கிழமை மண்டபத்தில் வெளியீடு. முதல் பக்கத்தில் ரமணன் தனியாக. இரண்டாம் பக்கத்தில் ரமணன் மனைவியோடு. மூன்றாம் பக்கத்தில் எங்கள் அணிப் படம்.

கணக்கு வாத்திக்கு எதையும் எண்ணிப் பார்க்கிற வியாதி உண்டு. எண்ணினேன். திரும்பவும் எண்ணினேன்.

"மச்சான், இதிலை பத்துப் பேர்தானே நிக்கிறியள்?"

"எண்ணிப் பாத்தனியோ?"

"பதினொண்டு வரைக்கும் எனக்கு வரும்."

"அந்தப் பக்கம் படம் கொஞ்சம் பழுதடாப்பா. ஈரம் பட்டுப்போச்சு. டிசைன் செய்தவன் சென்னையிலை இருக்கிறவன், அவனுக்கு என்ன தெரியும்."

சென்னைக்காரன் தன் வேலையைச் சுத்தமாகத்தான் செய்திருந்தான். ஆள் நின்ற இடம் வெறுமையாகத் தெரியக் கூடாதென்று அங்கே ஒரு கிண்ணத்தை வைத்துவிட்டான். ஆனால் நடுவில் ரமணன் ஏற்கெனவே ஒரு கிண்ணத்தைப் பிடித்துக்கொண்டு நிற்கிறான். அந்தப் பருவத்தில் நாங்கள் வென்றது ஒரு கிண்ணம். படத்தில் இரண்டு இருந்தன.

கிண்ணமாகிப்போனவன் யாரென்று எனக்குத் தெரியும். "ஜெறோம் எங்கை?" என்று கேட்டேன்.

எனக்குக் குழம்பு விடுவதற்கென்று கொண்டுவந்த சட்டியை அப்படியே தூக்கிக்கொண்டு சுகந்தி உள்ளே போய்விட்டாள்.

"அவனுக்கு ஒருத்தரோடையும் தொடர்பில்லை" என்றான் ரமணன். "நீ சாப்பிடு."

ஜெறோம் மன்னார்க்காரன். எங்கள் முன்வரிசை ஆட்டக்காரன். மன்னாரில் பிள்ளைகள் நடக்கப் பழகும்போதே காலுக்கு முன்னால் பந்து கிடக்கும் என்பார்கள். இறுதியாட்டத்தில் கடைசி ஐந்து நிமிடம் இருக்கையில் அந்த இரண்டாவது கோலைப் போட்டவன் அவன்தான். மலரின் எட்டாம் பக்கத்தில் அந்தக் கோலைப் பற்றி ஒரு கட்டுரை இருந்தது. நான்கு பேரைத் தனியாக வெட்டிக்கொண்டு போய் ரமணன் அதை அடித்திருந்தான்.

இரண்டாம் நாள் ரமணன் என்னை வெம்பிளி மைதானத்தைக் காட்டக் கூட்டிப்போனான். உள்ளே போகவில்லை. வெளியே நின்று அந்தப் பெரிய வளைவைப் பார்த்தோம். பக்கத்தில் ஒரு வெள்ளைக்காரத் தகப்பன் தன் மகளிடம், "இங்கே எங்கள் அணி தோற்றதை நான் மூன்று தடவை நேரில் பார்த்திருக்கிறேன்" என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தார். தோல்வியைப் பார்த்ததற்குச் சாட்சியாக நிற்பதிலும் ஒரு கௌரவம் இருக்கிற நாடு. நாங்கள் வெற்றியையே திருத்தி எழுதுகிறோம்.

ரமணன் சட்டைப் பையிலிருந்து ஒரு தாளை எடுத்தான். "ஞாயிற்றுக்கிழமை நீ பேச வேணும். எல்லாம் எழுதியிருக்கு."

படித்தேன். எட்டாம் பக்கக் கட்டுரையின் சுருக்கம்.

"இதை நீயே சொல்லலாமே."

"நானே என்னைப் பற்றிச் சொன்னால் வடிவில்லை. நீ வாங்கிலை இருந்தனி. நீ சொன்னால் சனம் நம்பும்."

ஒரு நாளும் இறக்கப்படாத ஆட்டக்காரனுக்குப் பன்னிரண்டு வருடம் கழித்து அழைப்பு வந்திருக்கிறது என்று அப்போதுதான் விளங்கியது. விமானச் சீட்டும் அவன் அனுப்பியது. இடியப்பமும் அவன் வீட்டு இடியப்பம். தாளை மடித்துப் பையில் வைத்தேன். மறுத்ததாகவும் இல்லை, ஒத்துக்கொண்டதாகவும் இல்லை. இந்த நிலையில் எனக்கு நல்ல பயிற்சி உண்டு. நான் அரசாங்க உத்தியோகத்தன்.

அன்று பின்னேரம் ரமணன் கடைக்குப் போன நேரம் சுகந்தி தேத்தண்ணி கொண்டுவந்து வைத்துவிட்டு நின்றாள்.

"அண்ணை, உங்களுக்கு உண்மையாத் தெரியாதோ?"

"என்னது?"

"வாணி கனடாவிலை எண்டு இவர் சொல்லியிருப்பார்."

சொல்லியிருந்தான். வாணி ரமணனின் தங்கை. நாங்கள் விளையாடிய காலத்தில் பள்ளிக்கூடத்தில் ஏ.எல். படித்துக்கொண்டிருந்த பிள்ளை.

"கனடாவும் இல்லை ஒண்டும் இல்லை. டூட்டிங்கிலை இருக்கிறா. ஜெறோம் அண்ணையைத்தான் கட்டினவ. எட்டு வருசமாச்சு. இவர் கலியாணத்துக்கும் போகேல்லை, என்னையும் விடேல்லை."

"வேதக்காரர், கிறிஸ்தவர் எண்டதுக்காகவோ?"

"அது வெளியாக்களுக்குச் சொல்லுறது." சுகந்தி என்னை நேராகப் பார்த்தாள். "மிச்சத்தை என்னட்டைக் கேட்கிறியளே? நீங்களும் எங்கடை ஊர்தானே."

மிச்சம் எனக்கு விளங்கியது. ஜெறோமின் தகப்பன் மீன்பிடிக்கக் கடலுக்குப் போனவர். எங்கள் ஆட்கள் ஊரை விட்டு ஓடியபோது வீட்டை விட்டார்கள், காணியை விட்டார்கள், நாயை விட்டார்கள். இந்தச் சாதி ஒன்றை மட்டும் விடாமல் கொண்டுவந்திருக்கிறார்கள். விமானத்தில் இதற்கு எடை போடுவதில்லை.

பல்கலைக்கழகத்தில் நாங்கள் எல்லாரும் ஆளையாள் மச்சான் என்றுதான் கூப்பிட்டோம். அத்தனை பேரிலும் ரமணனுக்கு உண்மையாகவே மச்சான் ஆனவன் ஜெறோம் ஒருவன். அன்றோடு அவனை அப்படிக் கூப்பிடுவது நின்றுபோனது.

சுகந்தி ஒரு தொலைபேசி இலக்கத்தை எழுதித் தந்தாள். "நான் மாதத்துக்கு ஒருக்கால் கதைக்கிறனான். இவருக்குத் தெரியாது. தெரிஞ்சாலும் தெரியாத மாதிரி இருக்கிறார்."

மூன்றாம் நாள், லண்டன் பார்க்கப் போகிறேன் என்று சொல்லிவிட்டு டூட்டிங்குக்குப் புறப்பட்டேன். அங்கே போகிற பாதாள ரயிலுக்கு வடக்குப் பாதை என்று பெயர். அது தெற்கே போகிறது. வடக்கா தெற்கா என்பதிலேயே பாதி வாழ்க்கையைக் கழித்தவனுக்கு இது நல்ல பகிடியாகத் தெரியவில்லை. அதோடு அது நடுவழியில் இரண்டாகவும் பிரிகிறது. நான் பிழையான பாதியில் ஏறி, பாட்டர்சீ என்ற இடத்தில் எல்லாரும் இறங்கிய பிறகும் உட்கார்ந்திருந்தேன்.

கைத்தடியோடு ஒரு கரீபியன் மூதாட்டியும் எதிரே இருந்தார். "நீயும் பிழையாக ஏறினாயா?" என்றார். "கவலைப்படாதே. நாற்பது வருடமாக நானும் இதைத்தான் செய்கிறேன். முன்பெல்லாம் கிட்டவே இறக்கிவிடுவார்கள். இப்போது பாதையை நீட்டி இன்னும் தூரத்துக்குக் கொண்டுவந்து இறக்கிவிடுகிறார்கள். முன்னேற்றம்." இருவரும் திரும்பிப் போகும் ரயிலில் ஏறினோம். எங்கே மாற வேண்டும் என்று அவர் காட்டினார். அவரும் அங்கே இறங்கியிருக்க வேண்டும் என்று பிறகுதான் எனக்குத் தோன்றியது. பேச்சு மும்முரத்தில் அவர் மேலே போய்விட்டார்.

ஜெறோம் நிலைய வாசலில் நின்றான். முடி கொட்டியிருந்தது, கால் அதே கால். மேல் டூட்டிங் வீதியில் ஒரு சாப்பாட்டுக் கடைக்குக் கூட்டிப்போய் ஆட்டிறைச்சி ரோல்ஸ் வாங்கிக் கட்டினான். பக்கத்தில் இரண்டு வெள்ளைக்காரப் பெடியள் கொத்துரொட்டிக்குச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். "உறைப்பாக வேண்டும். ஊரில் சாப்பிடுகிற உறைப்பு" என்றான் ஒருவன். எந்த ஊர் என்று கடைக்காரர் கேட்கவில்லை.

கடைக்கு மேல்மாடியில் இரண்டு அறை வீடு. சுவரெல்லாம் அவர்களின் பிள்ளை கீறிப் பெயர் எழுதிய படங்கள். வாணி கதவைத் திறந்தாள். "குகன் அண்ணா, வயிறு வைச்சிட்டுது" என்றாள். இத்தனை வருட இடைவெளியை அவள் அப்படித்தான் கடந்தாள்.

ஜெறோம் ஓர் ஆஸ்பத்திரியில் நோயாளிகளைக் கட்டிலோடு தள்ளிக்கொண்டு போகிற வேலை செய்கிறான். "இப்பவும் அதே வேலைதான்" என்றான். "அஞ்சாம் மாடியிலை எடுக்கிறது, எக்ஸ்ரேக்குப் பாஸ் குடுக்கிறது."

மலரை எடுத்துக் காட்டினேன். காட்டியிருக்கக் கூடாதோ என்று நினைப்பதற்குள் ஜெறோம் படத்தைப் பார்த்துச் சிரிக்கத் தொடங்கிவிட்டான். கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தான். "என்னைக் கிண்ணமாக்கிப் போட்டாங்களடா. பரவாயில்லை, கழிவுவாளியாக்காமல் விட்டாங்கள்."

வாணி சிரிக்கவில்லை. அவள் பதினான்காம் பக்கத்தைப் படித்துக்கொண்டிருந்தாள். அணியின் சீருடைகளை அன்பளிப்புச் செய்தவர் என்று ஒரு லண்டன் வர்த்தகரின் படம் முழுப்பக்கத்தில் இருந்தது. அவர்தான் ஞாயிற்றுக்கிழமை பிரதம விருந்தினர்.

"ஆர் இவர்?" என்று கேட்டாள்.

எனக்கும் தெரியாது. எங்களுக்குச் சீருடை என்று ஒன்று இருக்கவில்லை. சந்தையில் வாங்கிய வெள்ளைச் சட்டைகளில், பழைய குடைச் சீலையை வெட்டி, இலக்கம் இலக்கமாகக் கையால் தைத்துத் தந்தது அன்றைய ஏ.எல். மாணவி வாணி.

"உங்கடை பன்னிரண்டைத்தான் கடைசியாத் தைச்சனான்" என்றாள். "சீலை முடிஞ்சுபோச்சு. அதிலை ரெண்டு சின்னனா வந்திட்டுது."

"அதாலைதான் இவனை இறக்கேல்லைப்போலை" என்றான் ஜெறோம்.

வாணி மலரை மூடி மேசையில் வைத்தாள். "அண்ணைக்கு மன்னார் நண்டு பெட்டி பெட்டியா வேணும். மன்னார் மீனுக்குத் தனி விலை. மன்னார் மனிசரைத்தான் ஏலாது." பிறகு என்னிடம் திரும்பினாள். "நீங்கள் மேடையிலை என்ன சொல்லப்போறியள்?"

நான் இன்னொரு ரோல்ஸ் எடுத்தேன். "பாப்பம்."

"பாப்பம் எண்டால் இல்லை எண்டுதான் அர்த்தம்."

"விடு வாணி" என்றான் ஜெறோம். "அவன் அங்கை தங்கியிருக்கிறான். கோலை ரமணனே வைச்சிருக்கட்டும். எனக்கு அதாலை ஒரு குறையும் இல்லை."

அவன் உண்மையாகத்தான் சொன்னான். அவன் கோபப்பட்டிருந்தால், ரமணனைப்போல இவனும் ஒருவன் என்று நான் சமாதானம் சொல்லிக்கொண்டு போயிருக்கலாம். வாணி தன் பக்கத்துக்கு ஒன்றும் கேட்கவில்லை. வாசல் வரை வந்து, "எங்களை மறந்துபோச்சினம் எண்டால் நான் பேசாமல் இருப்பன் அண்ணா" என்றாள். "மறக்கேல்லையே. மினக்கெட்டு வெட்டியெல்லோ எடுத்திருக்கினம்."

ஞாயிற்றுக்கிழமை பகல் பன்னிரண்டு மணிக்கு விழா. ஒன்றரைக்குத் தொடங்கியது. இந்த ஒரு விடயத்தில் மட்டும் எங்கள் ஆட்கள் நாட்டைக் கைவிடவில்லை. மண்டபத்தில் முந்நூறு கதிரை, முந்நூறுக்கும் வெள்ளைத் துணி, முதுகில் தங்கநிற நாடா. மேடையில் பெரிய திரை. அதில் இரண்டு கிண்ணத்தோடு எங்கள் பத்துப் பேர், ஆளுக்கு எட்டடி உயரத்தில்.

மங்கள விளக்கேற்றல், மௌன அஞ்சலி, வரவேற்புரை, வரவேற்புரையை வரவேற்று ஓர் உரை. பிரதம விருந்தினர் இருபது நிமிடம் பேசினார். அதில் பதினைந்து நிமிடம் கிரிக்கெட் பற்றி. அணியின் வெற்றியில் தன் சீருடைகளுக்கும் சிறு பங்கு உண்டு என்று அடக்கமாகச் சொன்னார். சனம் கைதட்டியது. பின்னால் பிரியாணி வாசம் வரத் தொடங்கியதும் கைதட்டல் இன்னும் வேகமானது.

என்னைக் கூப்பிட்டார்கள். தாளை விரித்தேன். முன்வரிசையில் ரமணன் கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தான். மூன்றாம் மேசையில் சிவா இருந்தான். எங்கள் பழைய கோல்காப்பாளன், இன்று ஒரு கணக்காளன்.

இந்த இடத்தில் நான் தாளைக் கிழித்தெறிந்துவிட்டு உண்மையை முழங்கினேன் என்று எழுத எனக்கும் ஆசைதான். நடந்தது வேறு. பருவத்தின் முதல் ஆட்டங்களைச் சொல்லி, இறுதியாட்டத்துக்கு வந்து, மழையைச் சொல்லி, ஒன்றுக்கு ஒன்று என்று சொல்லி, அந்த வரிக்கு வந்தேன். ரமணன் அடித்தார் என்று வாசிக்க நாக்கு வரவில்லை. ஜெறோம் அடித்தான் என்று சொல்லத் துணிவு வரவில்லை. எழுவாய் இல்லாமலே வாக்கியத்தை முடிக்கலாம் என்பது கோழைகளுக்குத் தமிழ் கொடுத்த சலுகை. அதைப் பிடித்துக்கொண்டேன்.

"நடுக்களத்தில் ரமணனின் காலில் பந்து பட்டது" என்றேன். "பட்டு, எப்படியோ வலது பக்கமாக உருண்டு போனது. அங்கே வைத்து அது கோலானது. நாங்கள் வென்றோம்."

கைதட்டத் தொடங்கியவர்கள் இருந்தார்கள். முன்வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது.

"என்ன, உருண்டு போனதோ?"

ரமணன் எழும்பி நின்றான்.

"உருண்டுதானே போனது" என்றேன். ஒலிவாங்கி என் வாய்க்கு முன்னால் இருந்ததை மறந்துவிட்டேன்.

"விசர்க்கதை கதையாதை. அது உருண்ட பந்தில்லை. காலிலை பட்ட பந்தும் இல்லை. நான் தலையை நிமித்திப் பாத்துத்தான் குடுத்தனான். நாப்பது யார் தூரம். ரெண்டு பேருக்கு நடுவாலை. அந்த மழைக்குள்ளை அப்பிடி ஒரு பாஸை வேறை ஆரும் குடுத்திருக்கேலாது. அவன் ஓடத் துடங்க முதலே நான் கண்டிட்டன், அவன் எங்கை வந்து நிப்பானெண்டு."

"ஆர் ஓடினது?" என்று மூன்றாம் மேசையிலிருந்து சிவா கேட்டான். சும்மா, ஒரு விபரத்தைச் சரிபார்ப்பது போல.

"ஜெறோம்தான்" என்றான் ரமணன். "அந்த ஓட்டம் வேறை ஆர் ஓடுவான்."

சொல்லி முடித்த பிறகுதான் அவனுக்குத் தான் சொன்னது கேட்டது. முகத்தில் அது இறங்குவதை மேடையிலிருந்து பார்த்தேன். மண்டபத்தில் பாதிப் பேருக்கு எல்லாம் தெரியும். அவர்கள் மலரைப் புரட்டினார்கள். மீதிப் பேர் யாரென்று பக்கத்தில் கேட்டார்கள், பக்கத்திலிருந்தவர்கள் சொன்னார்கள். பழைய ஆட்டக்காரர்கள் இரண்டு பேர், அது வலது காலா இடது காலா என்று விவாதிக்கத் தொடங்கினார்கள். "இடது" என்று ரமணனே சொல்லிவிட்டு உட்கார்ந்தான். ஒன்றும் விளங்காத பிரதம விருந்தினர் பலமாகக் கைதட்டினார். அவரைப் பார்த்து எல்லாரும் தட்டினார்கள்.

நான் இறங்கி வந்து பிரியாணி சாப்பிட்டேன். நன்றாக இருந்தது. பதினைந்து வருடமாக நெஞ்சில் பூட்டி வைத்த தங்கையின் புருஷனை, ஒரு நல்ல பாஸின் பெருமைக்காக முந்நூறு பேருக்கு முன்னால் திறந்துவிட்டானே என்று நினைத்தேன். பிறகு எட்டு வருடம்தானே என்று திருத்திக்கொண்டேன். கணக்கு வாத்தியும் மண்டபத்தில் பெருக்கிப் பேசத் தொடங்கிவிட்டான்.

வீட்டுக்குத் திரும்பும் வழியில் ரமணன் ஒரே ஒரு வசனம் சொன்னான். "உன்னை அந்த நேரம் இறக்காமல் விட்டது சரியான முடிவு." முன்னால் உட்கார்ந்திருந்த சுகந்தி கண்ணாடி வழியாக வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள். தோள் மட்டும் சிரிப்பில் குலுங்கியது.

மறுநாள் நான் புறப்பட வேண்டும். விமானம் இரவுக்கு. ரமணன் மத்தியானமே என் பெட்டியைக் காரில் தூக்கி வைத்தான். சுகந்தியும் முன்னால் ஏறினாள். நேற்றிலிருந்து அவன் என்னோடு பேசவில்லை. அரை மணித்தியாலம் ஓடிய பிறகு ஆற்றுப் பாலம் ஒன்று வந்தது.

"விமான நிலையத்துக்கு ஆறு கடக்க வேணுமோ?" என்று கேட்டேன்.

"சின்ன வேலை ஒண்டு இருக்கு" என்றான்.

மேல் டூட்டிங் வீதியில், அந்தச் சாப்பாட்டுக் கடைக்கு எதிரே, வாகனம் நிறுத்தக் கூடாத சிவப்புக் கோட்டில் காரை நிறுத்தினான். இறங்கவில்லை. இரண்டு கையாலும் சுக்கானைப் பிடித்துக்கொண்டு முன்னால் பார்த்தபடி இருந்தான். சுகந்தி தொலைபேசியை எடுத்துப் பேசினாள். சிறிது நேரத்தில் வாணி வீட்டுச் செருப்போடு இறங்கி வந்து, வீதியைக் கடந்து, அவன் பக்கத்துக் கண்ணாடியடியில் நின்றாள். அவன் கண்ணாடியை இறக்கினான். இருவரும் எதையோ சொல்லப் போனார்கள்.

"இதிலை நிப்பாட்டாதையுங்கோ அண்ணை" என்றாள் வாணி. "கமரா இருக்கு. பைன் அடிப்பாங்கள்."

"அப்ப எங்கை நிப்பாட்டுறது?"

"பின் றோட்டிலை சில நேரம் இடம் கிடைக்கும். நான் காட்டுறன்." பின்கதவைத் திறந்து என் பக்கத்தில் ஏறிக்கொண்டாள்.

கார் நகர்வதற்குள் ஜெறோம் வந்துவிட்டான். காலை ஷிப்ட் முடித்து, ஆஸ்பத்திரிச் சீருடையோடு, தோளில் பையோடு நடந்து வந்தவன், தன் மனைவி யாருடைய காரில் இருக்கிறாள் என்று கண்டு நடைபாதையில் அப்படியே நின்றான். ரமணனும் அவனும் ஆளையாள் பார்த்தார்கள். பின்னால் ஒரு பஸ் ஹோன் அடித்தது.

"ஏறு" என்றான் ரமணன். "பின்னாலை பஸ் நிக்குது."

அவன் ஏறினான். பின் இருக்கையில் மூன்று பேர், நடுவில் நான், மடியில் என் கைப்பை. முதல் தெருவில் இடமில்லை. இரண்டாவதில் குடியிருப்பவர்கள் மட்டும்தான் விடலாம் என்று பலகை. ஜெறோம் இடது என்றான். ரமணன் அது ஒருவழிப்பாதை என்றான். ஜெறோம், "அந்த இடது இல்லை, மற்ற இடது" என்றான். கிங்ஸ்பரியிலை இந்தக் கரைச்சல் இல்லை என்றான் ரமணன். கிங்ஸ்பரியிலை ஆஸ்பத்திரியும் இல்லையே என்றாள் வாணி. திரும்பவும் அதே வீதிக்கு வந்தோம்.

"பிள்ளை எத்தினை மணிக்குப் பள்ளிக்கூடத்தாலை வரும்?" என்று சுகந்தி கேட்டாள்.

"மூண்டரைக்கு. நான்தான் போய்க் கூட்டிவாறனான்."

ரமணன் கண்ணாடியில் பின்னால் பார்த்தான். "எத்தினையாம் வகுப்பு?"

"ரெண்டு."

ஒரு சந்தி கடந்தது. "பேர் என்ன வைச்சனியள்?"

காருக்குள் சுகந்திக்குத் தெரியும், எனக்கும் தெரியும். தாய்மாமனுக்குத்தான் தெரியாமலிருந்தது. வாணி பிள்ளையின் பெயரைச் சொன்னாள். அவன் அதை ஒரு தரம் மெல்லத் தனக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டு, சைகை விளக்கைப் போட்டு இடதுபக்கம் திருப்பினான்.

மூன்றாவது சுற்றில் ஜெறோம் அந்தப் பாஸைப் பற்றி ஏதோ கேள்விப்பட்டதாகச் சொன்னான். நாப்பது யார் எண்டு சொன்னியாம், முப்பதுதான் இருக்கும் என்றான். நாப்பது என்றான் ரமணன். மழைக்குள்ளை நீ எங்கை அளந்தனி என்றான் ஜெறோம். நான் விமானத்தைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னேன். ஒருவருக்கும் கேட்கவில்லை.

நான்காவது சுற்றில், பின் வீதியில், நிறுத்தியிருந்த ஒரு வெள்ளை வான் வண்டி வெளிக்கிட்டுப் போய், அந்த இடம் வெறுமையாகக் கிடந்தது. எங்கள் கார் இரண்டு நிற்கக்கூடிய இடம். நான் கண்டேன். வாணியும் கண்டாள். கண்ணாடியில் ரமணனின் கண்ணைப் பார்த்தேன், அவனும் கண்டிருந்தான். அவன் வேகத்தைக் குறைக்காமல் அதைத் தாண்டிப் போனான். நாப்பதா முப்பதா என்று இன்னும் முடிவாகவில்லை.